கூடு கலையாமல் தேன் எடுத்தல்

தமிழ்நாட்டு வீடுகளின் கொல்லைப்புறத்தில் பெட்டி வைத்து வளர்க்கப்படுவது பெரும்பாலும் இந்தியத் தேனீ. ஏபிஸ் செரானா இண்டிகா என்பது அதன் அறிவியல் பெயர். அடுக்குத் தேனீ, பொந்துத் தேனீ என்று ஊருக்கு ஊர் அழைக்கும் பெயர் மாறும். மரப்பொந்து, சுவரிடுக்கு, புற்று என இருட்டான இடமாகப் பார்த்து, ஒன்றுக்கொன்று இணையாகப் பல அடைகளைக் கட்டி வாழ்வது இதன் இயல்பு. இந்த இயல்பு இருப்பதால்தான் இதைப் பெட்டிக்குள் குடிவைக்க முடிகிறது. பாறை முகட்டிலும் உயர்ந்த மரக்கிளையிலும் ஒற்றைப் பேரடை கட்டும் மலைத்தேனீயும், புதர்க் கிளையில் உள்ளங்கை அகலத்துக்கு அடை கட்டும் கொம்புத் தேனீயும் வெட்டவெளியை நாடுபவை. அவை பெட்டியில் தங்குவதில்லை. இந்தியத் தேனீக் குடும்பம் ஒன்று ஆண்டுக்குச் சராசரியாக 6 முதல் 8 கிலோ தேன் தரும். ரப்பர்த் தோட்டங்கள் சூழ்ந்த குமரி மாவட்டம் போன்ற இடங்களில் இதைவிடக் கூடுதலாகவும் கிடைப்பதுண்டு.

தேன் எடுப்பவர் கொட்டுப்படாமல் தப்புவதோடு பாதுகாப்பு முடிந்துவிடுவதில்லை. தேனீக் குடும்பம் கலைந்து ஓடிவிடக் கூடாது; எடுத்த தேன் நாளடைவில் புளித்து வீணாகவும் கூடாது. இவை வெவ்வேறு கவலைகளாகத் தோன்றினாலும் மூன்றையும் காப்பது ஒரே ஒழுங்குதான்: முதிர்ந்து மூடிய தேனை மட்டும், மேலறையிலிருந்து மட்டும் எடுப்பது. அதன் காரணம் அடையின் அமைப்பிலேயே இருக்கிறது.

தேனீ எந்தப் பொந்தில் கூடு கட்டினாலும் அடையின் மேற்பகுதியில் தேனைச் சேர்க்கும். அதற்குக் கீழே ஒரு பட்டையாக மகரந்தம் இருக்கும். அதற்கும் கீழேதான் முட்டையும் புழுவும் கூட்டுப்புழுவும் வளரும் அறைகள். பழைய முறையில் பொந்தைப் பிளந்து, அடையை முழுதாக அறுத்து, துணியில் இட்டுக் கையால் பிழிவார்கள். தேனோடு புழுச்சாறும் மகரந்தமும் கலந்துவிடும். அப்படிக் கிடைத்த தேன் கலங்கலாக இருக்கும், விரைவில் நுரைக்கும். அடுத்த தலைமுறையை மொத்தமாக இழந்த குடும்பமோ அந்த இடத்தைவிட்டு ஓடிவிடும்.

இந்த அழிவைத் தவிர்க்கும் வழியைத் திறந்தவர் அமெரிக்காவின் லாங்ஸ்ட்ராத். அடைகளுக்கு இடையிலும் பெட்டிச் சுவருக்கு உள்ளேயும் ஏறத்தாழ 9 மில்லிமீட்டர் இடைவெளி விட்டால், தேனீக்கள் அதை அடைக்காமல் நடைபாதையாக வைத்துக்கொள்ளும் என்பதை 1851-ல் அவர் கண்டு பயன்படுத்தினார். அதன் பிறகு, எதையும் அறுக்காமல் ஒவ்வோர் அடையையும் மரச்சட்டத்தோடு வெளியே தூக்கிப் பார்க்க முடிந்தது. ஐரோப்பியத் தேனீக்காக வகுக்கப்பட்ட அந்தப் பெட்டி உருவில் சிறிய இந்தியத் தேனீக்குப் பொருந்தவில்லை. திருச்சிராப்பள்ளி தூய வளனார் கல்லூரியைச் சேர்ந்த பாதிரியார் நியூட்டன் 1911-க்கும் 1917-க்கும் இடையில் நம் தேனீக்கு ஏற்ற சிறிய பெட்டியை வடிவமைத்து, மக்களுக்குப் பயிற்சியும் கொடுத்தார். இன்றும் தென்னிந்தியக் கொல்லைப்புறங்களில் பரவலாகக் காணப்படுவது அந்த நியூட்டன் பெட்டிதான். 1920களில் மார்த்தாண்டத்தில் ஒய்.எம்.சி.ஏ. தொடங்கிய ஊரக மையம், ஸ்பென்சர் ஹாட்ச் தலைமையில் இதைச் சிற்றூர் மக்களின் துணைத்தொழிலாக்கியது. மார்த்தாண்டம் தேன் புவிசார் குறியீடு பெறும் அளவுக்குப் பின்னாளில் அது வளர்ந்தது.

நியூட்டன் பெட்டியில் அடிப்பலகையின் மேல் புழு அறை, அதன் மேல் தேன் அறை, எல்லாவற்றுக்கும் மேல் மூடி. புழு அறையில் 7 சட்டங்கள் நிற்கும். ஒவ்வொன்றும் சுமார் 8 அங்குல நீளம், ஆறு அங்குலத்துக்குச் சற்றுக் குறைவான உயரம். தேன் அறைச் சட்டங்களின் உயரம் அதில் பாதிக்கும் குறைவு. தேனை மேலே சேர்க்கும் இயல்புணர்வு இங்கே தேனீ வளர்ப்பவருக்குத் துணை செய்கிறது. கீழறையின் மேல் விளிம்பு நிறைந்ததும் தேனீக்கள் மேலறைக்கு ஏறி, அங்குள்ள ஆழம் குறைந்த அடைகளில் தேனை மட்டும் நிரப்பத் தொடங்கும். ஆக, தேன் அறையில் இருப்பது குடும்பத்தின் தேவைக்கு மேல் விளைந்தது. புழு அறைக்குள் இருக்கும் தேன் குடும்பத்தின் சொந்தச் சேமிப்பு. ஆசைப்பட்டுக் கீழறையில் கைவைக்கும் நாளிலிருந்துதான் பெட்டிகள் காலியாகத் தொடங்குகின்றன.

எப்போது எடுப்பது என்பதை நாள்காட்டி தீர்மானிப்பதில்லை, செடிகொடிகள் தீர்மானிக்கின்றன. குமரி மாவட்டத்தில் தேன் பெருகும் காலம் ஏறக்குறைய சனவரி முதல் ஏப்ரல் வரை. ரப்பர் மரம் பனிக்காலத்தில் இலையுதிர்த்துப் புதுத் தளிர் விடும்போது, மூன்று சிற்றிலைகள் சேரும் காம்பின் நுனியிலுள்ள சுரப்பிகளிலிருந்து இனிப்பு நீர் கசியும். மார்த்தாண்டம் தேனின் பெரும்பகுதி பூவிலிருந்து வருவதில்லை, இந்த இலைக்காம்புகளிலிருந்து வருகிறது. மற்ற மாவட்டங்களில் முருங்கை, புளி, வேம்பு, எள், சூரியகாந்தி என அந்தந்த வட்டாரத்தின் பூக்காலத்தைப் பார்த்துத்தான் கணக்கிட வேண்டும்.

பூவிலிருந்து வரும் மதுவில் பாதிக்கு மேல் தண்ணீர். வயலிலிருந்து வந்த தேனீ அதைக் கூட்டுக்குள் இருக்கும் இளம் தேனீயிடம் வாய்வழியாகக் கொடுக்கும். அது மதுவைத் துளித்துளியாக வெளியே தள்ளி மெல்லிய படலமாக்கி உலர்த்தும். தேனீயின் சுரப்பியில் ஊறும் இன்வர்டேஸ் என்னும் நொதி மதுவிலுள்ள சுக்ரோசைக் குளுக்கோசாகவும் ஃபிரக்டோசாகவும் பிளக்கும். பிறகு அறையில் நிரப்பி, இரவெல்லாம் சிறகடித்துக் காற்றோட்டம் ஏற்படுத்தி ஈரத்தைக் குறைக்கும் அந்தப் பணித்தேனீக்கள். ஈரம் போதுமான அளவு இறங்கியதும் அறையின் வாயை மெழுகால் மூடிவிடும். அந்த மெழுகு மூடிதான் தேன் முதிர்ந்ததற்குத் தேனீயே தரும் சான்று. இந்திய உணவுப் பாதுகாப்பு விதிகள் தேனில் 20 விழுக்காட்டுக்கு மேல் ஈரம் இருக்கக் கூடாது என்கின்றன. சர்க்கரைச் செறிவைத் தாங்கி வாழும் ஈஸ்ட்டுகள் எல்லாத் தேனிலும் உண்டு; ஈரம் கூடினால் அவை விழித்துக்கொண்டு சர்க்கரையைச் சாராயமாகவும் கரியமில வாயுவாகவும் மாற்றத் தொடங்கும். மூடி தெறிக்கும் பாட்டில், புளித்த வாடை, மேலே நுரை என்றால் பெரும்பாலும் பச்சைத் தேனை எடுத்திருக்கிறார்கள் என்று பொருள்.

இதனால் ஒரு சட்டத்தில் நான்கில் மூன்று பங்கு அறைகளாவது மூடியிருந்தால்தான் அதை எடுக்கலாம். ஐயமிருந்தால், தேனீக்களை உதறிய பின் சட்டத்தைப் படுக்கையாகப் பிடித்து ஒருமுறை வேகமாக அசைத்துப் பார்க்கலாம். திறந்த அறைகளிலிருந்து துளி சிதறினால் அதைத் திரும்ப வைத்துவிட வேண்டும். தேன் மூடியையும் புழு மூடியையும் பிரித்தறிவதும் அவசியம். தேனை மூடும் மெழுகு வெண்மையாக, சற்றே உட்குழிந்து இருக்கும். பணித்தேனீப் புழுவின் மூடி பழுப்பு நிறம். ஆண் தேனீ அறையின் மூடி மேடாகப் புடைத்து, நடுவில் ஊசிக்கண் போன்ற துளையோடு இருக்கும். மழை நாளில் தேன் எடுக்காமலிருப்பது நல்லது. தேன் காற்றின் ஈரத்தை இழுத்துக்கொள்ளும் பொருள். மெழுகு மூடியைச் சீவிய பிறகு அதற்குக் காவல் இல்லை.

வெயில் ஏறிய, காற்றில்லாத முற்பகல் பெட்டியைத் திறக்க ஏற்ற நேரம். அனுபவம் மிக்க தேனீக்களில் பெரும்பகுதி அப்போது வயலில் இருக்கும்; கூட்டைக் காக்கக் கொட்டுபவை பெரும்பாலும் அந்த வயது முதிர்ந்தவைதான். மேகமூட்டத்திலும் அந்தி வேளையிலும் எல்லாத் தேனீக்களும் வீட்டில் இருக்கும், எளிதில் சீறும். கொல்லைப்புறத்துக்கு இன்னும் சில முன்னேற்பாடுகள் வேண்டும். பெட்டியருகே கட்டியிருக்கும் மாட்டையும் ஆட்டையும் முதலில் அவிழ்த்துத் தூரத்தில் கட்ட வேண்டும். கயிற்றில் கட்டுண்ட விலங்கு தப்பியோட முடியாமல் கொட்டுப்பட்டுச் சாகும் அபாயம் உண்மையானது. அடுத்த வீட்டாருக்குச் சொல்லிவிடுவதும், குழந்தைகளை உள்ளே இருத்துவதும் அதேபோல் முக்கியம்.

உடை வெளிர் நிறத்தில், முழுக்கையோடு, தளர்வாக இருப்பது நல்லது. கருமையான, மயிரடர்ந்த உருவங்களைத் தேனீ எதிரியாகக் கொள்கிறது. கூட்டைக் கொள்ளையடிக்க வரும் பாலூட்டிகள் அப்படிப்பட்டவையாக இருந்ததே அதன் காரணமாகக் கருதப்படுகிறது. நறுமணத் தைலம், மல்லிகைப்பூ, வியர்வை வாடை எல்லாம் அவற்றைக் கிளர்த்தும். முகத்துக்கு வலை கட்டாயம் வேண்டும். கையில் பத்துக் கொட்டு பட்டாலும் தாங்கலாம். கண்ணிலோ தொண்டையிலோ படும் ஒன்று பெருந்தொல்லையாகும். கையுறை பற்றித் தேனீ வளர்ப்பவர்களிடையே இரு கருத்து உண்டு. தடித்த கையுறை விரல்களின் மென்மையைக் குறைத்துத் தேனீக்களை நசுக்க வைக்கும் என்று பழகியவர்கள் அதைத் தவிர்க்கிறார்கள். புதியவர் போட்டுக்கொண்டு தொடங்குவதே நல்லது.

தேனீ கொட்டும்போது, கொட்டிய இடத்தில் ஐசோபென்டைல் அசிடேட் என்ற ஆவியாகும் பொருளும் வெளிப்படும். அதன் வாடை பழுத்த வாழைப்பழத்தை ஒத்திருக்கும். மற்றத் தேனீக்களுக்கு அது போர் முரசு. ஒரு கொட்டு பட்ட இடத்தையே அடுத்தடுத்துத் தேடி வருவதற்கு இதுவே காரணம். புகை போடுவதன் பயன் இங்கேதான். புகை பட்ட தேனீயின் உணர்கொம்புகள் இந்த அபாய வாடையைச் சரிவர உணர்வதில்லை. புகை நீங்கிய பத்து இருபது நிமிடங்களில் உணர்வு திரும்பிவிடும். கூடவே, தீ நெருங்குவதாக எண்ணித் தேனீக்கள் தேனைக் குடித்து வயிற்றை நிரப்பிக்கொள்ளும். அந்த நிலையில் அவற்றின் சீற்றமும் தணியும். புகைமூட்டியில் காய்ந்த தேங்காய் நார், சாயமேற்றாத பழைய சாக்கு ஆகியவை நன்றாகக் கனியும். நெகிழியும் மண்ணெண்ணெய் தோய்ந்த துணியும் கூடவே கூடாது. அந்த நாற்றம் தேனில் ஏறும், தேனீயையும் கொல்லும். கையால் தொட முடியாத அளவு சூடான புகை சிறகைக் கருக்கும். இந்தியத் தேனீ இயல்பில் சாதுவானது, ஆனால் தொல்லை மிகுந்தால் கூட்டையே துறந்து ஓடும் குணம் கொண்டது. அதற்கு வாயிலில் இரண்டு மூன்று ஊது, மூடியைத் தூக்கும்போது மேலே ஓர் ஊது போதும்.

பெட்டியின் முன்னால், தேனீ பறந்து வரும் பாதையை மறித்து நிற்கக் கூடாது. பக்கவாட்டிலோ பின்புறமோ நின்று வேலை செய்ய வேண்டும். புகை போட்டு ஒரு நிமிடம் பொறுத்து மூடியைத் தூக்கினால் சீற்றம் குறைவாக இருக்கும். சட்டங்களை ஒவ்வொன்றாக நெம்பி அசைத்து, செங்குத்தாக மேலே தூக்க வேண்டும். சாய்த்து இழுத்தால் அடுத்த அடையோடு உரசித் தேனீக்கள் நசுங்கும். நசுங்கிய தேனீயிலிருந்தும் அதே அபாய வாடைதான் கிளம்பும். ராணித் தேனீ தற்செயலாக மேலே ஏறியிருக்கிறதா என்று ஒவ்வொரு சட்டத்தின் இருபுறமும் பார்ப்பது அவசியம். அவளை இழந்துவிட்டால் தேன் கிடைத்ததில் பயனில்லை. முட்டையோ புழுவோ உள்ள சட்டம் எவ்வளவு தேனோடு இருந்தாலும் அப்படியே விடப்பட வேண்டும். மற்றச் சட்டங்களைப் பெட்டிக்கு நேர்மேலே பிடித்து ஒரு குலுக்குக் குலுக்கி, ஒட்டியிருக்கும் தேனீக்களை மென்மையான தூரிகையாலோ பச்சிலைக் கொத்தாலோ கீழே தள்ளி, சட்டத்தை மூடியுள்ள பாத்திரத்தில் உடனே வைக்க வேண்டும். தேனீயின் மேல் நேராக மூச்சு விடுவதைத் தவிர்ப்பதும் நல்லது. மூச்சுக் காற்று அவற்றுக்குச் சினமூட்டும்.

கொட்டுப்பட்டால் முதல் வேலை கொடுக்கை எடுப்பது. பணித்தேனீயின் கொடுக்கில் பின்நோக்கிய முட்கள் இருப்பதால் அது தோலில் மாட்டி, நச்சுப்பையோடு பிய்ந்து நின்றுவிடும். தேனீ போன பிறகும் அந்தப் பையின் தசைகள் இயங்கி நஞ்சைச் செலுத்திக்கொண்டே இருக்கும். பெரும்பகுதி முதல் அரை நிமிடத்துக்குள் இறங்கிவிடும். நகத்தால் சுரண்டுவதா, கிள்ளி எடுப்பதா என்று யோசித்து நிற்பதைவிட எப்படியாவது உடனே எடுப்பதே மேல். பிறகு அந்த இடத்தில் ஒரு முறை புகை காட்டி வாடையை மறைத்து, சற்று விலகிவிட வேண்டும். வீக்கமும் வலியும் பெரும்பாலோருக்கு ஓரிரு நாளில் அடங்கும். ஆனால் சிலருடைய உடல் தேனீ நஞ்சுக்கு ஒவ்வாமையோடு வினைபுரியும். கொட்டிய இடத்தைவிட்டு விலகி உடலெங்கும் தடிப்பு, உதடும் நாக்கும் வீங்குதல், மூச்சுத்திணறல், தலைசுற்றல், வாந்தி ஆகியவை தோன்றினால் ஒரு நொடியும் தாமதிக்கக் கூடாது. 108-ஐ அழைத்து மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டும். அந்த நிலையில் உயிர் காப்பது எபிநெஃப்ரின் ஊசி. சுண்ணாம்பு தடவிக் காத்திருப்பது உயிருக்கு ஆபத்து. இத்தகைய ஒவ்வாமை இருப்பதாக அறிந்தவர் பெட்டியைத் திறக்கும் வேலையைப் பிறரிடம் விட்டுவிடுவதே முறை.

எடுத்த சட்டங்களிலிருந்து தேனைப் பிரிப்பது அடைத்த அறைக்குள் நடக்க வேண்டும். திறந்தவெளியில் தேன் வாடை பரவினால், சற்று நேரத்தில் சுற்றுவட்டாரத் தேனீக்கள் எல்லாம் அங்கே கூடிவிடும். பூக்கள் அரிதான காலமாக இருந்தால், அவை வலுவிழந்த பெட்டிகளுக்குள் புகுந்து கொள்ளையடிக்கவும் தொடங்கும். பெட்டியருகே ஒரு துளி தேன் சிந்தினாலும் ஈரத்துணியால் துடைத்துவிட வேண்டும் என்பது இதனால்தான்.

கத்தியை வெந்நீரில் முக்கி, துடைத்து, மெழுகு மூடிகளை மட்டும் மெல்லச் சீவ வேண்டும். பிறகு சட்டங்களைத் தேன் பிரிக்கும் எந்திரத்தில் நிறுத்திச் சுழற்ற வேண்டும். ஆஸ்திரியப் படையில் பணியாற்றிய ஃபிரான்ஸ் ஹ்ருஷ்கா 1865-ல் அறிமுகப்படுத்திய எந்திரம் இது. மையவிலக்கு விசையால் தேன் அறைகளிலிருந்து தெறித்து உருளைச் சுவரில் வழிந்து அடியில் சேரும். ஒரே பக்கத்தை முழு வேகத்தில் சுழற்றினால், மறுபக்கத்துத் தேனின் எடை தாளாமல் அடை உடையும். ஒரு பக்கத்தைப் பாதியளவு மெதுவாகச் சுழற்றி, சட்டத்தைத் திருப்பி மறுபக்கத்தை முழுமையாக எடுத்து, மீண்டும் முதல் பக்கத்துக்கு வர வேண்டும். அறைகளில் புழு ஒன்று இருந்தாலும் இந்தச் சுழற்சியில் வெளியே வந்து தேனில் விழும்.

எந்திரத்தின் உண்மையான பயன் காலி அடை உடையாமல் மிஞ்சுவது. ஒரு கிலோ மெழுகு சுரக்கத் தேனீக்கள் பல கிலோ தேனைத் தின்றாக வேண்டும். ஆறு முதல் எட்டு கிலோ என்பது வழக்கமான மதிப்பீடு. கட்டிய அடை திரும்பக் கிடைத்தால் அந்தத் தேன் முழுவதும் மிச்சம். காலி அடைகளை அன்று மாலையே, தேனீக்கள் அடங்கும் வேளையில், பெட்டியில் திரும்ப வைத்துவிடலாம். தேன் பெருகும் காலத்தில் எட்டுப் பத்து நாளில் அவை மறுபடியும் நிறையும். ஒன்றிரண்டு பெட்டி மட்டும் வைத்திருப்பவர் எந்திரம் வாங்க வேண்டியதில்லை. தேன் அறையின் மூடிய அடையை, மேற்சட்டத்தை ஒட்டி ஒரு விரல் அகலம் விட்டு அறுத்தெடுத்து, துணியில் கட்டித் தானாக வடியவிட்டாலே தூய தேன் கிடைக்கும். விட்டுவைத்த பட்டையிலிருந்து தேனீக்கள் அடையை மீண்டும் நேராகக் கட்டும்.

வடித்த தேனை மெல்லிய துணியில் வடிகட்டி, உயரமான பாத்திரத்தில் ஓரிரு நாள் மூடி வைத்தால் மெழுகுத் துணுக்கும் நுரையும் மேலே வந்துவிடும். அவற்றை வழித்தெடுத்து, நன்றாக உலர்ந்த கண்ணாடிப் புட்டியில் காற்றுப் புகாமல் அடைக்க வேண்டும். தேன் அமிலத்தன்மை உடையது; இரும்பும் துத்தநாகம் பூசிய தகரமும் அதற்கு ஆகாது. அடுப்பில் நேராகச் சூடாக்குவதால் நொதிகள் அழிவதோடு, ஹைட்ராக்ஸிமெதில் ஃபர்ஃபூரல் என்ற பொருளும் பெருகும். தேன் சூடுபட்டதைக் கண்டறியச் சோதனைக்கூடங்கள் அளப்பது இதைத்தான். ரப்பர்த் தேன் விரைவில் உறையும். அதைக் கண்டு சர்க்கரைப் பாகு கலந்ததாகச் சந்தேகிப்பது தவறு. தேனிலுள்ள குளுக்கோஸ் படிகமாவதுதான் அது. இளஞ்சூடான நீரில் புட்டியை நிறுத்தினால் மீண்டும் இளகும்.

பூக்காலம் முடியுமுன்பே தேன் எடுப்பதை நிறுத்துவது நல்ல வளர்ப்பாளரின் அடையாளம். கடைசிச் சுற்றுத் தேனைக் குடும்பத்துக்கே விட்டால், மழைக்காலப் பஞ்சத்தை அது தாங்கும். அப்போதும் போதாவிட்டால் சர்க்கரையும் நீரும் சம அளவில் கரைத்துப் பெட்டிக்குள் வைக்கலாம். ஆனால் தேன் அறை பெட்டியில் இருக்கும்போது பாகு வைத்தால் அது அடைக்குள் போய்த் தேனோடு கலக்கும். அறிந்து செய்தால் அது கலப்படமே. பக்கத்துத் தோட்டத்தில் பூச்சிமருந்து அடித்த நாட்களிலும் தேன் எடுப்பதைத் தள்ளிப்போட வேண்டும். ஒரு பெட்டியின் அடையையோ தேனையோ சோதிக்காமல் இன்னொரு பெட்டிக்குக் கொடுக்கவும் கூடாது. 1990களின் தொடக்கத்தில் தாய் சாக்புரூட் என்ற வைரஸ் நோய் தென்னிந்தியா முழுவதும் இந்தியத் தேனீக் குடும்பங்களைப் பெருமளவில் அழித்தது. நீர் நிறைந்த பைபோல் புழுக்கள் செத்துக் கிடந்தால், அந்தப் பெட்டியின் எதையும் வெளியே கொண்டுபோகாமல் கத்தியையும் கையையும் கழுவிவிட்டுத்தான் அடுத்த பெட்டியைத் தொட வேண்டும். அந்த வைரஸ் மனிதரைத் தாக்குவதில்லை.

முதிர்ந்து, சுத்தமாக எடுத்த தேனும் ஒருவருக்கு மட்டும் ஆகாது. பிறந்த குழந்தையின் நாவில் தேன் தொட்டு வைக்கும் சேனை வழக்கம் தமிழ் வீடுகளில் இன்னும் இருக்கிறது. குளோஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்ற பாக்டீரியாவின் வித்துகள் எந்தத் தேனிலும் இருக்கக்கூடும். பெரியவர்களின் குடலில் அவை முளைப்பதில்லை. பச்சிளங் குழந்தையின் குடலில் முளைத்து, தசைகளைச் செயலிழக்கச் செய்யும் நஞ்சைச் சுரக்கும். வடிகட்டுவதாலும் இளஞ்சூட்டாலும் அந்த வித்துகள் சாவதில்லை. கொல்லையில் விளைந்த தேன் எவ்வளவு தூயதாக இருந்தாலும், ஒரு வயது நிரம்பாத குழந்தைக்கு ஒரு சொட்டும் கொடுக்கக் கூடாது.